மேசியோவைப் பேர் சொல்லிக் கூப்பிட்டார்கள்

கேள்வி இதுதான்: "பழைய சோல், ஃபங்க் என்கிற அமெரிக்கக் கறுப்பின இசைப் பாட்டுகளில் பாடகர் பேர் மட்டும்தான் நமக்குத் தெரிகிறது. பின்னால் நின்று சாக்ஸபோனோ டிரம்ஸோ வாசிக்கிறவர் ஐம்பது வருடம் எப்படித் தாக்குப்பிடிக்கிறார்? கடைசியில் அவருக்கு என்ன மிஞ்சுகிறது?"

பொதுவாகச் சொன்னால் சம்பளம், டூர், ஸ்டூடியோ வேலை என்று பதில் ஒரு வரியில் முடிந்துவிடும், யாருக்கும் ஒன்றும் விளங்காது. அதனால் ஒரே ஆளைப் பிடித்துக்கொள்கிறேன். மேசியோ பார்க்கர், சாக்ஸபோன் கலைஞர். ஜேம்ஸ் பிரவுன், ஜார்ஜ் கிளிண்டன், பிரின்ஸ் என்று மூன்று நட்சத்திரப் பாடகர்களை முதலாளிகளாக வைத்து வேலை பார்த்தவர், தன் பேரிலும் குழு வைத்து ஊர் ஊராகச் சுற்றியவர். அவரோடு ஒரே மேடையில் உட்கார்ந்த டிரம்மர் கிளைட் ஸ்டபிள்ஃபீல்டையும் அங்கங்கே இழுத்து வருவேன். இரண்டு பேரும் பிறந்தது 1943ல், அமெரிக்காவின் தெற்கில். இரண்டு பேரும் ஜேம்ஸ் பிரவுன் பட்டறையில் தயாரானவர்கள். கணக்கு மட்டும் ஒரே மாதிரி முடியவில்லை.

வட கரோலினா மாநிலத்தில் கின்ஸ்டன் என்று ஒரு சின்ன ஊர், புகையிலை விளையும் வட்டாரம். அங்கே மேசியோவின் உறவுக்காரப் பெரியவர் ஒருவர் 'ப்ளூ நோட்ஸ்' என்று ஒரு குழு நடத்தினார். வீட்டில் மூன்று பையன்கள் வாத்தியம் பிடித்தார்கள்: கெல்லிஸ் டிராம்போன், மேசியோ சாக்ஸபோன், மெல்வின் டிரம்ஸ். பெரியவர் குழுவுக்குக் குட்டியாக 'ஜூனியர் ப்ளூ நோட்ஸ்' என்று பேர் வைத்துக்கொண்டு, பெரியவர்கள் இடைவேளைக்குப் போகும்போது இவர்கள் மேடையேறுவார்கள். பள்ளிக்கூடத்தில் பாடம் படிக்கிற வயதிலேயே இரவு விடுதிக் கூட்டத்தின் முன்னால் வாசித்துப் பழகிவிட்டார்கள். (மூத்தவர் கெல்லிஸ் பிறகு டிராம்போனை ஓரமாக வைத்துவிட்டுச் சட்டம் படித்தார். கொலம்பியா பல்கலைக்கழகச் சட்டக் கல்லூரியின் முதல் கறுப்பினப் பேராசிரியர் அவர்தான். ஒரே வீட்டில் ஒருவர் சட்டப் பேராசிரியர், இரண்டு பேர் ஃபங்க் இசையின் அஸ்திவாரம். நல்ல வீடுதான்.)

மேசியோவுக்கு அப்போது தெய்வம் ரே சார்ல்ஸ், கண் தெரியாத பாடகர், பியானோக்காரர். ரே சார்ல்ஸ் குழுவில் சாக்ஸ் வாசித்த டேவிட் நியூமன், ஹேங்க் கிராஃபோர்டு ஆகியோரைக் கேட்டுக் கேட்டுத்தான் தன் தொனியைச் செய்துகொண்டார். வயதான பிறகும் மேடையில் கறுப்புக் கண்ணாடி மாட்டிக்கொண்டு ரே சார்ல்ஸ் மாதிரியே பாடிக் காட்டுவார். அது வெறும் மிமிக்ரி இல்லை, குருவணக்கம்.

அப்புறம் கிரீன்ஸ்பரோ ஊரில் கல்லூரி. மேசியோவும் மெல்வினும் அங்கே படிக்கப் போனார்கள். ஒரு ராத்திரி கிளப்பில் மெல்வின் வாசிப்பதை ஜேம்ஸ் பிரவுன் கேட்டுவிட்டு, "படிப்பை விட்டு எப்போது வந்தாலும் உனக்கு வேலை உண்டு" என்கிற மாதிரி சொல்லிவிட்டுப் போனார். 1964ல் தம்பி அந்த வாக்கைப் பிடித்துக்கொண்டு பிரவுனைப் பார்க்கப் போனார், அண்ணனையும் கூட்டிக்கொண்டு. தம்பிக்குத்தான் வேலை நிச்சயம், அண்ணன் சும்மா கூட வந்தவர். "இவன் என் அண்ணன், சாக்ஸ் வாசிப்பான்" என்றார் மெல்வின். பிரவுனுக்கு அந்த நேரம் பாரிட்டோன் சாக்ஸ் (கீழ்ச் சுரங்களுக்கான பெரிய சாக்ஸ்) ஆள்தான் தேவைப்பட்டது. "பாரிட்டோன் வாசிப்பாயா?" என்றார். மேசியோவிடம் பாரிட்டோன் சொந்தமாகக் கிடையாது. "வாசிப்பேன் சார்" என்றார். ஓடிப்போய் ஒன்றைத் தேடிப் பிடித்துக்கொண்டு வந்து சேர்ந்தார். இதை மேசியோவே பல பேட்டிகளில் சிரித்துக்கொண்டு சொல்லியிருக்கிறார்.

அந்த "வாசிப்பேன் சார்"தான் உங்கள் கேள்விக்கு முதல் பதில். இந்தத் தொழிலில் நிலைக்கிறவர்கள் காலியாக இருக்கும் நாற்காலி எது என்று பார்த்து அதில் உட்காருகிறார்கள். சின்ன ஆல்ட்டோ சாக்ஸ்தான் என் வாத்தியம், மற்றதைத் தொடமாட்டேன் என்று சொன்னவர்கள் ஊரிலேயே நின்றுவிட்டார்கள்.

இனி இசைக்கு வருவோம், ஏனென்றால் அது புரியாமல் மற்றது புரியாது. ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு என்று எண்ணிப் பாருங்கள். அதுவரை வந்த ரிதம் அண்டு ப்ளூஸ் பாட்டுகளில் அழுத்தம் விழுவது இரண்டிலும் நான்கிலும். கைதட்டுவதும் அங்கேதான். பிரவுன் எடையைத் தூக்கி முதல் அடியில் போட்டார். நம் கச்சேரிகளில் தனி ஆவர்த்தனம் முடிந்து எல்லோரும் ஒரே இடத்தில் வந்து விழும்போது ஒரு திருப்தி வருமே, அதை நாலு எண்ணிக்கைக்கு ஒரு தடவை கொடுத்தால் எப்படி இருக்கும்? அதுதான். கிட்டார், பாஸ், சாக்ஸ், டிரம்பெட் எல்லாமே டிரம்ஸ் மாதிரி ஆகிவிட்டன. ராகம் பாடுகிற வேலையை விட்டுவிட்டு அவை தட்ட ஆரம்பித்தன.

மேசியோவின் சாக்ஸ் இதற்கென்றே பிறந்த மாதிரி இருந்தது. அவர் நீளமாக இழுப்பதில்லை. சின்னச் சின்னதாக, நுனி வெட்டினாற்போல ஊதுவார். ஒரு சொல், இடைவெளி, இரண்டு சொல், இடைவெளி. நாக்கால் காற்றைச் சட்டென்று நிறுத்துகிற விதத்தில் ஒவ்வொரு சுரத்துக்கும் தொடக்கமும் முடிவும் தனியாகக் கேட்கும். ஜாஸ் சாக்ஸபோன் கேட்டுப் பழகியவர்கள் முதலில் "இவ்வளவுதானா?" என்பார்கள். அதே வரியை நீங்கள் வாயால் சொல்லிப் பாருங்கள், நடை தவறாமல் சொல்ல முடியாது. அவருடைய சொந்தச் சூத்திரம் ஒன்று உண்டு: இரண்டு சதவீதம் ஜாஸ், தொண்ணூற்றெட்டு சதவீதம் ஃபங்க். 2013ல் வந்த அவருடைய சுயசரிதைக்கும் '98% ஃபங்கி ஸ்டஃப்' என்றுதான் தலைப்பு.

1965 பிப்ரவரியில் சார்லட் நகரத்து ஸ்டூடியோ ஒன்றில், அடுத்த கச்சேரிக்குப் போகிற வழியில் பஸ்ஸை நிறுத்திவிட்டு, ஒரு மணி நேரத்துக்குள் பிரவுனும் குழுவும் ஒரு பாட்டைப் பதிவு செய்தார்கள். 'பாப்பாஸ் காட் எ பிராண்ட் நியூ பேக்'. ஃபங்க் எங்கே ஆரம்பித்தது என்று கேட்டால் நிறையப் பேர் கை காட்டுவது இந்தப் பாட்டைத்தான். டிரம்ஸில் தம்பி, சாக்ஸில் அண்ணன். நீங்கள் ரேடியோவில் கேட்டிருக்கும் பதிப்பு வாசித்ததைவிட வேகமானது. நாடாவைக் கொஞ்சம் வேகமாக ஓட்டித்தான் இசைத்தட்டு வெட்டினார்கள். முழுப் பதிவு ஏழு நிமிஷம், தட்டில் அவ்வளவு கொள்ளாது என்று இரண்டாக வெட்டி இரண்டு பக்கத்திலும் போட்டார்கள்.

பிறகு ராணுவம் கூப்பிட்டது, போனார், 1967ல் திரும்பி வந்தார். வந்தவுடன் 'கோல்ட் ஸ்வெட்'. இதைப் பிரவுனோடு சேர்ந்து எழுதியது பீ வீ எல்லிஸ் என்கிற இன்னொரு சாக்ஸ்காரர். ஜாஸ் டிரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸின் ஒரு மெட்டிலிருந்து ஊதுகுழல் வரிக்கு விதை எடுத்ததாக எல்லிஸே சொல்லியிருக்கிறார். டிரம்ஸில் இப்போது கிளைட் ஸ்டபிள்ஃபீல்ட். பாட்டு நடுவில் பிரவுன் கத்துகிறார்: "மேசியோ!" மேசியோ உள்ளே வருகிறார்.

அந்தக் கூப்பாட்டில்தான் விஷயமே இருக்கிறது. பிரவுனுக்கு அது பழக்கம். யார் தனியாக வாசிக்க வேண்டுமோ அவரைப் பேர் சொல்லி அழைப்பார், அது அப்படியே தட்டில் பதிவாகிவிடும். மேசியோ என்பது அமெரிக்காவிலேயே அரிதான பேர், கேட்டால் மறக்காது. கேட்டவர்கள் பலர் அது ஆள் பேரா, ஏதாவது கூச்சலா என்றுகூடத் தெரியாமல் கூடவே கத்தினார்கள். இசைத்தட்டு உறையில் வாசித்தவர்கள் பேரை யாரும் அச்சடிக்காத காலம் அது. உறையில் இல்லாத பேர் பாட்டுக்குள்ளேயே போய் உட்கார்ந்துகொண்டது. பல லட்சம் பிரதி விற்ற தட்டுகளில் இலவச விளம்பரம். அதற்கு அப்போது அவருக்குச் சம்பளம் ஒரு பைசா கூடவில்லை. ஆனால் பிற்பாடு அவர் சாப்பிட்டது அந்தப் பேரை வைத்துத்தான்.

பிரவுனிடம் வேலை பார்ப்பது எப்படி இருக்கும் என்று கொஞ்சம் சொல்ல வேண்டும். சூட், பளபளக்கும் ஷூ, மேடையில் ஒரு அடி பிசகக்கூடாது. பிசகினால் அபராதம். ஷூவில் அழுக்கு என்றாலும் அபராதம். இதில் சுவாரஸ்யம் என்னவென்றால் அபராதத்தை அவர் மேடையிலேயே, ஆடிக்கொண்டே போட்டார். கூட்டத்துக்கு முதுகைக் காட்டித் திரும்புவார், தப்பு பண்ணியவரை ஒரு பார்வை பார்ப்பார், ஐந்து விரலையும் விரித்து மூடுவார். ஒரு விரிப்புக்கு இத்தனை டாலர் என்று கணக்கு. மறுபடி விரித்தால் இரட்டிப்பு. கீழே ஜனம் அது ஒரு டான்ஸ் அசைவு என்று நினைத்துக் கைதட்டும். மேலே ஒருவருக்கு வாரச் சம்பளத்தில் ஓட்டை விழுந்திருக்கும்.

இப்படி ஒரு ஆளிடம் மேசியோ மூன்று தவணை வேலை பார்த்தார். முதல் தவணை 1970 மார்ச்சில் முடிந்தது. ஜார்ஜியா மாநிலத்தின் கொலம்பஸ் நகரில் கச்சேரி. பணப் பிரச்சினை முற்றி, குழு கிட்டத்தட்ட மொத்தமாக மேடையேற மறுத்தது. பிரவுன் கெஞ்சவில்லை. சின்சினாட்டியிலிருந்து பதினெட்டு வயது பூட்ஸி காலின்ஸையும் அவன் அண்ணனையும் கூட்டாளிகளையும் தன் சொந்த விமானத்தில் அன்றைக்கே வரவழைத்து மேடையில் நிறுத்தினார். பழைய ஆட்கள் மூட்டை கட்டிக்கொண்டு வெளியே போனார்கள், பையன்கள் வாத்தியத்தோடு உள்ளே வந்தார்கள். பக்கவாத்தியக்காரன் எவ்வளவு பெரியவனாக இருந்தாலும் ஒரே பகலில் ஆள் மாற்றிவிடலாம் என்பதற்கு இதைவிடக் கொடூரமான உதாரணம் எனக்குத் தெரியாது. அந்தப் பையன் பூட்ஸி ஒரு வருடத்தில் பிரவுனை விட்டுவிட்டுப் போய் பாஸ் கிட்டாரின் சரித்திரத்தையே திருப்பிப் போட்டது வேறு கதை.

வெளியே வந்தவர்கள் 'மேசியோ அண்டு ஆல் த கிங்ஸ் மென்' என்று ஒரு குழு ஆரம்பித்தார்கள். கவனியுங்கள், யார் பேரை முன்னால் போட்டார்கள்? எல்லோருக்கும் தெரிந்த பேரை. இரண்டு ஆல்பம் போட்டார்கள். இன்று கேட்டால் முதல் தரம். அன்று விற்கவில்லை. 1973ல் மேசியோ திரும்பிப் பிரவுனிடம் போனார். கௌரவக் குறைச்சலா? நான் அப்படி நினைக்கவில்லை. வீட்டில் சோறு வேண்டும். போன கையோடு, டிராம்போன் ஃபிரெட் வெஸ்லி தலைமையில் 'டூயிங் இட் டு டெத்' என்ற பதிவு வந்தது, ரிதம் அண்டு ப்ளூஸ் வரிசையில் முதலிடத்துக்குப் போனது. அதிலும் "மேசியோ!" என்ற குரல் கேட்கும்.

இரண்டாவது தவணை 1975 வாக்கில் முடிந்தது. ஃபிரெட் வெஸ்லியும் மேசியோவும் நேராக ஜார்ஜ் கிளிண்டனின் 'பார்லமென்ட்-ஃபங்கடெலிக்' என்கிற ஃபங்க் இசைக் கூட்டத்துக்குப் போனார்கள். அங்கே ஏற்கெனவே பூட்ஸி இருக்கிறான். ஐந்து வருடம் முன்னால் எந்தப் பையன் இவர்கள் வேலையை எடுத்துக்கொண்டானோ அதே பையனோடு இப்போது தோளோடு தோள். இந்தத் தொழிலில் பகை வைத்துக்கொண்டு பிழைக்க முடியாது. பிரவுனிடம் ஷூ அழுக்கானால் அபராதம் கட்டியவர்கள், கிளிண்டனிடம் டயப்பர் கட்டிக்கொண்டு கிட்டார் வாசிக்கிறவனுக்குப் பக்கத்தில் நின்றார்கள். மேடையில் ஒரு விண்கலம் இறங்கும், அதிலிருந்து கிளிண்டன் வெளியே வருவார். இந்தக் குழப்பத்துக்கு நடுவே ஊதுகுழல் வரிகள் மட்டும் பிரவுன் பட்டறை ஒழுங்கோடு கச்சிதமாக விழும். மேலே எவ்வளவு பைத்தியக்காரத்தனம் இருந்தாலும் அடியில் ஒருவர் எண்ணிக்கை தவறாமல் நிற்க வேண்டும். அந்த வேலையை இவர்கள் இருவரும் செய்தார்கள்.

1984ல் மறுபடி பிரவுன். நாலு வருடம். 1988 டிசம்பரில் பிரவுனுக்குச் சிறைத் தண்டனை விழுந்தது, 1991 பிப்ரவரி வரை உள்ளே. முதலாளி உள்ளே போனதும் குழுவில் இருந்தவர்களெல்லாம் நடுத்தெருவில். மேசியோவுக்கு அப்போது நாற்பத்தைந்து தாண்டிவிட்டது. ஆச்சரியம் என்னவென்றால் அவருடைய நல்ல காலம் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

மேசியோ, ஃபிரெட் வெஸ்லி, பீ வீ எல்லிஸ் மூன்று பேரும் சேர்ந்தார்கள். 1990ல் மேசியோ பேரில் 'ரூட்ஸ் ரிவிசிட்டட்'. அமெரிக்காவின் சமகால ஜாஸ் ஆல்பம் வரிசையில் பத்து வாரம் முதலிடம். அதே வருடம் 'டீ-லைட்' என்ற நடனக் குழுவின் 'குரூவ் இஸ் இன் த ஹார்ட்' உலகம் முழுக்க ஓடியது. அதில் பூட்ஸி, மேசியோ, ஃபிரெட் மூன்று பேரும் இருக்கிறார்கள். ஹிப்-ஹாப் பையன்கள் பழைய பிரவுன் தட்டுகளைத் துண்டு துண்டாக வெட்டி ஒட்டிக்கொண்டிருந்த நேரம். அந்தத் துண்டுகளில் "மேசியோ!" என்ற கத்தலும் இருந்தது. இருபது வயதுக் கூட்டம் ஒன்று, யாரப்பா இந்த மேசியோ என்று கேட்டுக்கொண்டு டிக்கெட் வாங்க வந்தது.

1992 மார்ச்சில் ஜெர்மனியின் கொலோன் நகரில் ஒரு கிளப்பில் வாசித்ததை 'லைஃப் ஆன் பிளானட் குரூவ்' என்று வெளியிட்டார்கள். என்னைக் கேட்டால் மேசியோவை அறிய இந்த ஒரு தட்டு போதும். ஆரம்பத்தில் பெரிய ஜாலவித்தை எதுவும் இல்லை. ஆர்கன், கிட்டார், டிரம்ஸ், மூன்று ஊதுகுழல்கள். ஒரே சின்ன வாக்கியத்தை எடுத்துக்கொண்டு பதினைந்து நிமிஷத்துக்கு மேல் ஓட்டுகிறார். கூட்டம் கத்துகிறது, அவர் இன்னும் கொஞ்சம் நிறுத்துகிறார். நெதர்லாந்தின் இளம் சாக்ஸ் கலைஞர் கேண்டி டல்ஃபர் நடுவில் வந்து சேர்ந்துகொள்கிறார். அவர் தன் சொந்தக் குழுவுக்கு வைத்திருந்த பேரே 'ஃபங்கி ஸ்டஃப்'.

ஐரோப்பா ஏன் என்று கேட்பீர்கள். அமெரிக்காவில் ஃபங்க் என்பது அப்போது பழைய பாட்டு. ஜெர்மனி, பிரான்ஸ், நெதர்லாந்தில் கோடைக்கு ஊருக்கு ஒரு ஜாஸ் விழா, பொதுப் பணத்தில் நடக்கும் அரங்குகள், நின்றுகொண்டே மூன்று மணி நேரம் ஆடத் தயாரான கூட்டம். கொலோன் நகரத்துப் பொது வானொலி சொந்தமாக ஒரு பெரிய ஜாஸ் குழுவையே சம்பளம் கொடுத்து வைத்திருக்கிறது. அந்தக் குழுவோடு சேர்ந்து மேசியோ 2007ல் வெளியிட்ட இரட்டைத் தட்டில் ஒன்று முழுக்க ரே சார்ல்ஸ் பாட்டுகள். கின்ஸ்டனில் பையனாக இருந்தபோது பட்ட ஆசை அறுபத்து நாலு வயதில், ஜெர்மன் வானொலி செலவில், முழு ஆர்க்கெஸ்ட்ராவோடு நிறைவேறியது.

பிரின்ஸிடம் 1999லிருந்து அவ்வப்போது வேலை. பிரின்ஸ் சின்ன வயதில் ஜேம்ஸ் பிரவுனைப் பார்த்து வளர்ந்தவர். 2004 அமெரிக்க டூர், 2007ல் லண்டனில் ஒரே அரங்கில் 21 ராத்திரி, எல்லாவற்றிலும் மேசியோ உண்டு. முன்னால் நிற்கிற நட்சத்திரமாக உலகம் சுற்றிக்கொண்டிருந்தவர், பிரின்ஸ் கூப்பிட்டால் பேசாமல் பின் வரிசையில் போய் நின்றார். முடிந்ததும் மறுபடி தன் பஸ். 2020ல் 77 வயதில் 'சோல் ஃபுட்' என்று ஒரு ஆல்பம். வீடு கின்ஸ்டனில்தான்.

இப்போது கிளைட். இவரை விட்டுவிட்டு மேசியோ கதையை மட்டும் சொன்னால் அது பாதிப் பதில்.

கிளைட் ஸ்டபிள்ஃபீல்ட் டென்னஸி மாநிலத்தின் சாட்டனூகாவில் பிறந்தவர். முறையாகக் கற்றுக்கொண்டவர் இல்லை. ஊரில் ஆலைச் சத்தம், ரயில் தண்டவாளத்தின் தடதடப்பு, இவைதான் வாத்தியார் என்று அவரே சொல்லியிருக்கிறார். 1969 நவம்பர் 20ஆம் தேதி சின்சினாட்டியில் 'ஃபங்கி டிரம்மர்' பதிவானது. எல்லோரும் வாசித்துக்கொண்டே இருக்கிறார்கள், ஐந்து நிமிஷத்துக்கு மேல் போய்விட்டது. அப்புறம் பிரவுன் எல்லோரையும் நிறுத்தச் சொல்கிறார். டிரம்ஸ் மட்டும் தனியே. தனி ஆவர்த்தனமெல்லாம் வேண்டாம் தம்பி, வாசித்துக்கொண்டிருப்பதையே வாசி என்கிறார். கிளைட் அப்படியே எட்டுச் சுற்று வாசிக்கிறார். கிட்டத்தட்ட இருபது வினாடி. கேட்டுவிட்டு அந்த இடத்திலேயே பிரவுன் பாட்டுக்குப் பேர் வைக்கிறார், டிரம்மரை வைத்து. ஆனால் 'கிளைட்' என்று சொல்லவில்லை.

அந்த இருபது வினாடி என்ன என்று சொல்கிறேன். நான் ஒரு மெல்லிசைக் குழுவில் நாலைந்து வருடம் டிரம்ஸ் உட்கார்ந்தவன், பெரிய வித்வான் இல்லை. கேட்கும்போது எளிதாகத்தான் தெரிந்தது. வலது கை ஹை-ஹாட்டில் (ஒன்றன்மேல் ஒன்றாக இருக்கும் ஜோடித் தாளத் தட்டு) ஒரு எண்ணிக்கைக்கு நாலு தட்டு, நிற்கவே கூடாது. இடது கை ஸ்னேர் என்கிற சின்ன டிரம்மில் இரண்டாவது, நாலாவது எண்ணிக்கையில் பலமாக ஒரு அடி. அதுவரை சரி. அந்தப் பலமான அடிகளுக்கு நடுவே அதே இடது கை, குச்சியைத் தோலின் மேல் லேசாகத் துள்ளவிட்டுப் பொடிப்பொடியாகத் தட்ட வேண்டும். காதில் விழுந்தும் விழாமலும். அதைச் சத்தமாகத் தட்டினால் எல்லாம் கெட்டது, தட்டாமல் விட்டால் ஓட்டமே இல்லை. ஒரு நிமிஷம் தாக்குப்பிடித்தேன், முன்கை கல்லாகிவிட்டது. கிளைட் அதை ஐந்து நிமிஷத்துக்கு மேல் வாசித்துவிட்டுத்தான் அந்த இடத்துக்கு வருகிறார், அவசரமும் இல்லை, தளர்வும் இல்லை.

ஹிப்-ஹாப் வந்தபோது அந்த இருபது வினாடியைத்தான் எல்லோரும் எடுத்தார்கள். பப்ளிக் எனிமி, என்.டபிள்யு.ஏ. மாதிரி ராப் குழுக்கள், அப்புறம் பாப் பாடகர்கள், விளம்பரங்கள். உலகத்திலேயே அதிகம் வெட்டி ஒட்டப்பட்ட டிரம்ஸ் துண்டுகளில் ஒன்று. ஆயிரத்துக்கு மேற்பட்ட பாட்டுகளில் இருக்கிறது. கிளைடுக்கு அதனால் வந்த ராயல்டி? அநேகமாகப் பூஜ்யம்.

திருட்டு என்று ஒரு வார்த்தையில் முடித்துவிடாதீர்கள், முறையாக அனுமதி வாங்கி வெட்டினாலும் சட்டப்படி கிளைடுக்குப் பங்கு கிடையாது. ஒரு பாட்டில் இரண்டு சொத்து இருக்கிறது. ஒன்று, இயற்றியது. 'ஃபங்கி டிரம்மர்' இயற்றியவர் என்று பதிவில் இருப்பது ஜேம்ஸ் பிரவுன் பேர் மட்டும். டிரம்ஸ் நடையை யாரும் 'இயற்றியதாக' எழுதிக்கொள்வதில்லை, மெட்டும் வரியும்தான் கணக்கு. இரண்டு, ஒலிப்பதிவு. அது கம்பெனியின் சொத்து. துண்டு வெட்டுகிறவர்கள் காசு கொடுத்தால் அது இந்த இரண்டு பேருக்குப் போகும். வாசித்தவருக்கு அன்றைய கூலி, அதோடு சரி. அமெரிக்காவில் சாதாரண ரேடியோவில் பாட்டு ஓடினாலும் இயற்றியவர் பக்கத்துக்குத்தான் பணம், வாசித்தவருக்குக் கிடையாது. 1995ல் டிஜிட்டல் ஒலிபரப்புக்கு என்று ஒரு சட்டம் வந்தது. அந்தப் பணத்தில் பாதி பதிவின் உரிமையாளருக்கு, 45 சதவீதம் முதன்மைக் கலைஞருக்கு, மீதி 5 சதவீதம் பின்னால் வாசித்த, பாடிய எல்லோருக்கும் சேர்த்து. ஐந்து சதவீதமாவது கிடைத்ததே என்று சந்தோஷப்பட முடியாது. 1972 பிப்ரவரிக்கு முந்தைய பதிவுகள் அதில் சேரவில்லை. அவற்றையும் சேர்த்தது 2018 சட்டம். கிளைட் இறந்தது 2017 பிப்ரவரியில்.

அதுவரை அவர் எப்படி இருந்தார்? 1970களின் தொடக்கத்தில் விஸ்கான்சின் மாநிலத்து மாடிசன் நகரில் போய் இறங்கியவர் அங்கேயே தங்கிவிட்டார். திங்கட்கிழமை ராத்திரிகளில் ஊர் மதுக்கூடம் ஒன்றில் தன் குழுவோடு வாசிப்பார், இருபது வருடத்துக்கு மேல். அங்கிருந்து ஒலிபரப்பான ஒரு வானொலி நிகழ்ச்சியிலும் வாசித்தார். அந்த ஊர் மாணவர்கள் பீர் குடித்துக்கொண்டு கேட்ட ஆளின் கைவேலை, அவர்கள் காதில் மாட்டியிருந்த பாட்டுகளில் பாதியில் ஓடிக்கொண்டிருந்தது. புற்றுநோய் வந்தபோது மருத்துவக் காப்பீடு இல்லை. கிட்டத்தட்ட 80 ஆயிரம் டாலர் பில். அதைச் சத்தமில்லாமல் கட்டியது பிரின்ஸ். மேசியோவை மேடையில் பின் வரிசையில் நிறுத்திக்கொண்ட அதே பிரின்ஸ். 2016ல் பிரின்ஸ் இறந்த பிறகுதான் இது வெளியே தெரிந்தது. பணத்தைவிட, எடுத்தவர்கள் தன் பேரைப் போடாததுதான் கிளைடுக்குக் குறை. பேட்டிகளில் திரும்பத் திரும்ப அதைத்தான் சொன்னார்.

ஆக உங்கள் கேள்விக்கு என் பதில்: மேசியோவுக்கும் பழைய தட்டுகளிலிருந்து ராயல்டி கொட்டவில்லை, அந்தச் சட்டங்கள் அவருக்கும் அதேதான். அவருக்கு மிஞ்சியது டிக்கெட்டில் அச்சடிக்கக்கூடிய ஒரு பேர். அது திறமையில் இவர் ஒரு படி மேல் என்பதால் வந்ததில்லை. சாக்ஸ்காரன் எழுந்து நிற்கலாம், முன்னால் வரலாம், பாடலாம், அவனைப் பேர் சொல்லிக் கூப்பிடலாம். டிரம்மர் உட்கார்ந்தே இருக்க வேண்டும், நிறுத்தவே கூடாது. இன்னொன்று, மேசியோ யாருடனும் கதவை அறைந்து சாத்தவில்லை. வெளியே வந்தார், திரும்பிப் போனார், மறுபடி வந்தார், ஒவ்வொரு தடவையும் பழைய கூட்டாளிகள் இரண்டு மூன்று பேர் கூடவே இருந்தார்கள். ஃபிரெட் வெஸ்லி இல்லாத மேசியோவை என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

கேட்க ஆரம்பிக்கிறவர்களுக்கு: முதலில் கொலோன் கிளப் தட்டு, 'லைஃப் ஆன் பிளானட் குரூவ்'. அப்புறம் 'கோல்ட் ஸ்வெட்'. கடைசியில் 'ஃபங்கி டிரம்மர்', நீளமான முழுப் பதிவாகத் தேடிப் பிடியுங்கள், வெட்டிய துண்டு வேண்டாம். எல்லோரும் டிரம்ஸுக்காக ஐந்தாவது நிமிஷத்துக்குத் தாவிவிடுவார்கள். நீங்கள் தாவாதீர்கள். அதற்கு முன்னால் ஒரு டெனர் சாக்ஸ் வரும், நுனி வெட்டினாற்போல, இடைவெளி விட்டு விட்டு. அது மேசியோ.